ஏழாவது டேக்

இன்ஸ்பெக்டராக ஒருமுறை வந்ததற்கு
மண்டபம் செக்போஸ்டில் இன்றும் சல்யூட் உண்டு.
உச்சிப்புளி பஸ்ஸில் ஒருத்தி மட்டும்
பக்கத்தில் உட்கார மாட்டாள்;
எந்தப் படத்திலோ மருமகளுக்கு விஷம் வைத்தாராம்.
பெயர்தான் யாருக்கும் தெரியாது.
டைட்டிலிலும் ‘மற்றும் பலர்’தான்.

சந்தியாகு.
வட்டிக்காரர், பாதிரியார், ஊமைச் சமையல்காரர்,
நாற்பத்தேழு படம்.
கேட்டால்
‘கூலிக்கு மாரடிக்கிறேன், ஞானப்பூ’ என்பார்.

தனுஷ்கோடியில் அன்று கணக்குப்பிள்ளை வேஷம்.
நீந்தத் தெரியாதவன், மூழ்கிச் சாக வேண்டும்.
கறுப்புக் கோட்டு, இடுப்பில் சாவிக்கொத்து.
தங்கச்சிமடத்து உடம்பு,
தாழவே இல்லை.
கை தானாகத் துழாவியது.
ஆறு டேக்.
‘சார், உங்களுக்குச் சாகத் தெரியலை’
என்றான் மீசை முளைக்காத உதவி இயக்குநர்,
பதினோரு முறை செத்தவரிடம்.

எங்கள் வலையின் ஈயக்குண்டுகளைத்தான்
கோட்டுப் பைக்குள் போட்டுக்கொண்டார்.

ஏழாவதில் இறங்கினார்.
குமிழி வந்தது. பிறகு அதுவும் இல்லை.
ஒருவரும் கட் சொல்லவில்லை.

பாம்பனில் படம் பார்த்தவர்கள் கவனிக்கவில்லை.
திரையின் இடது ஓரம்,
அரை நொடி,
மீன் செதில் ஒட்டிய பச்சைச் சேலை ஒன்று
கடலுக்குள் ஓடும்.

அதற்குச் சம்பளம் இன்னும் வரவில்லை.