வாய்தா

பின்னால் கொக்கி போட முடிகிறதா?
டாக்டர் செலின் ரோஸின் முதல் கேள்வியே அதுதான்.
எக்ஸ்ரேயைப் பிறகுதான் வெளிச்சத்தில் பிடித்தார்.

முடியவில்லை. ஐந்து மாதமாக.
வலது கை இடுப்பெலும்பு வரை போகும்,
செக்போஸ்ட்டில் மடக்கிய மீன் லாரி மாதிரி
அங்கேயே நின்றுகொள்ளும்.

உறைந்த தோள் என்றார்.
எனக்குச் சிரிப்பு வந்தது.
முதுநகர் ஐஸ் கம்பெனியில் கணக்கு எழுதுகிறவள் நான்.
உப்புத்தண்ணீர்த் தொட்டியில் இறக்கிய கேன்
கட்டியாக எத்தனை மணி நேரம் என்று
தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன்.
இந்தச் சித்திரை வெயிலில்
என் தோளுக்குள் ஒரு கட்டி
எப்போது இறங்கியதென்று மட்டும்
பேரேட்டில் பதிவில்லை.

கொக்கியை யார் போட்டுவிடுகிறார் என்று
டாக்டர் கேட்கவில்லை.
கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்:
என்னோடு பேசாதவர்.

தம்பியின் விசைப்படகுக்காக
குடியிருக்கும் வீட்டுப் பத்திரத்தை
எனக்குத் தெரியாமல் ஈடு வைத்தவர்.
படகு இப்போது உப்பனாற்றுக் கரையில் சாய்ந்து கிடக்கிறது.
பேங்க் நோட்டீஸ் வந்த ஆடி மாதத்தோடு
வீட்டில் பேச்சு நின்றது.
மஞ்சக்குப்பம் கோர்ட்டில் மட்டும்
வாய்தா மேல் வாய்தாவாக
எங்கள் பெயரை யாரோ கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஒரு காலை, கண்ணாடி முன்னால்
கை எட்டாமல் பல்லைக் கடித்து நின்றேன்.
சத்தமில்லாமல் வந்தார், போட்டார், போனார்.
போட் இன்ஜின் பிரிக்கிற விரல்கள்.
மறுநாளிலிருந்து
மண்ணெண்ணெயும் பிறகு சோப்பும் போட்டுக்
கழுவிக்கொண்டு வந்தன.
இரண்டு கொக்கி. நாலு வினாடி.
அந்த நாலு வினாடியும்
இருவருமே மூச்சு விடமாட்டோம்.

திரைக்கு அந்தப் பக்கம்
வில்வநகர் தபால்காரரின் முழங்காலுக்கு மூன்றாவது ஊசி.
இந்த வருஷத்துக்கு இதோடு சரி என்றார்கள் அவரிடம்.
அப்புறம்? என்றார்.
யாரும் பதில் சொன்னதாகத் தெரியவில்லை.

குப்பியைக் குலுக்கினார் டாக்டர்.
அடியில் படிந்திருந்த வெள்ளை
சுண்ணாம்புத் தண்ணீராய் எழுந்தது.
பேனா மூடியால் தோளின் பின்மூலையில்
ஒரு வட்டம் அழுத்தினார்.
"மரப்பு மருந்தும் இதுல இருக்கு.
சாயந்திரம் வரைக்கும் சுகமா இருக்கும், நம்பாதீங்க.
ராத்திரி வலி திரும்பும்,
அதையும் நம்பாதீங்க."

ஊசி நுழைந்த இடம் அவ்வளவாக வலிக்கவில்லை.
போய்ச் சேர்ந்த இடம்தான்.
அங்கே எனக்கு ஓர் இடம் இருப்பதே
அப்போதுதான் தெரிந்தது.

இரவு சர்க்கரை முந்நூற்றுப் பன்னிரண்டு.
ஏறும் என்று சொல்லித்தான் அனுப்பியிருந்தார்கள்.
எங்கள் கம்பெனி ஐஸையே துண்டில் கட்டித்
தோளில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

சுவரைப் பார்த்துக் கேட்டார்:
"கிரீஸ் அடிக்கிற மாதிரியா அது?"

ஒன்பது மாதத்தில் முதல் வார்த்தை.
அதுவும் கிரீஸ்.

"கிரீஸ் இல்லையாம். உள்ள எரியறத அணைக்கிறதாம்."
"எத்தன நாளைக்குத் தாங்கும்?"
"மூணு மாசம். சில பேருக்கு அதுவும் இல்ல."
"வாய்தாதானா" என்றார்.

நான் சிரிக்கவில்லை.
தலையணையை எடுத்து
என் கைக்கு அடியில் அவர் வைத்ததை
தடுக்கவும் இல்லை.

ஆறாம் நாள், குளித்துவிட்டு வந்து,
சும்மா பார்ப்போமே என்று கையைப் பின்னால் விட்டேன்.
செக்போஸ்ட் திறந்திருந்தது.
வலியோடுதான், ஆனால் விரல் போய்த் தொட்டது.
கீழ்க்கொக்கி விழுந்தது.

பக்கெட்டில் தண்ணீர் மொள்ளும் சத்தம்.
சோப்பு வாசம்.
அடுத்த வாய்தா பதினேழாம் தேதி,
அன்று அவரிடம் கேட்க வேண்டியது நிறைய இருக்கிறது,
எதையும் நான் மறந்துவிடவில்லை.

மேல்கொக்கியை அப்படியே விட்டுக்
கையைக் கீழே இறக்கினேன்.

பாதி முடுக்கிய போல்ட்டில்
வேறு கை பட்டிருப்பது
ஒரு மெக்கானிக்குக்குத் தெரியாதா?

ஒன்றும் சொல்லவில்லை.
ஒரே கொக்கிக்கு
நாலு வினாடி எடுத்துக்கொண்டார்.