பத்தொன்பது கோப்பை

பாமீர் மலையில், எங்கள் ஊரிலிருந்து
கழுதை நடைக்கு ஒன்றரை மணி நேரத்தில்
ஒரு பாறைப் பிளவு. பெயர் சபூர். பொறுமை.
உள்ளே ஒரு கோப்பைத் தேநீர் ஆறுவதற்குள்
வெளியே ஒரு பனிக்காலம் வந்து போய்விடும்.
ஐந்து மாதம். நான் ஊர்ப் பதிவாளன்,
கணக்கைச் சரிபார்த்திருக்கிறேன்.

யாரும் அதைக் கும்பிட்டதில்லை. பயன்படுத்தினோம்.
டிசம்பரில் கணவாய் மூடிக்கொண்டால்
மருத்துவர் வருவது மே மாதம்.
குடல்வால் வெடித்த ஸர்பக்த் மே வரை தாங்குவானா?
கம்பளியில் சுற்றித் தூக்கிப்போய்
உள்ளே கிடத்துவோம்.
அவனுக்கு அது இருபது நிமிட வலி.

கூட ஒருவர் இருக்க வேண்டும்,
காயத்தை அழுத்த, கையைப் பிடித்துக்கொள்ள,
இதோ வந்துவிடுவார் டாக்டர் என்று சொல்ல.
அங்கே அது பொய்யும் அல்ல.
அந்த ஒருவர் என் மனைவி சவ்சன். செவிலி.

பத்தொன்பது பனிக்காலம் போனாள்.
மே மாதத்து வெயிலுக்குள் வெளியே வரும்போது
முக்காட்டில் டிசம்பர்ப் பனி உருகாமல் இருக்கும்.
"அடுப்பை அணைச்சியா?" என்பாள்,
வாசல்வரை போய்த் திரும்பியவள் போல.
அதற்குள் நான்
நூற்றைம்பது இரவு தனியாக
அதே அடுப்பை மூட்டி அணைத்திருப்பேன்.

ஒரே மாதத்தில் பிறந்தவர்கள் நாங்கள்.
பதிவேட்டில் அடுத்தடுத்த வரி.
எனக்கு ஐம்பத்தொன்று.
அவளுக்கும் ஐம்பத்தொன்றுதான், காகிதத்தில்.
அவள் அக்ரூட்டைப் பல்லால் உடைக்கிறாள்.
நான் பல்லைக் கழற்றிக் கிண்ணத்தில் போட்டுவிட்டுப்
பார்த்துக்கொண்டிருக்கிறேன்.

போன வருஷம் சுரங்கப்பாதை திறந்தார்கள்.
ஜனவரியிலும் இரண்டு மணி நேரத்தில் ஆம்புலன்ஸ்.
சபூருக்கு வேலை போயிற்று.

அந்த வாரமே ஓர் இரவு,
உப்புத் தேநீரில் ரொட்டியைப் பிய்த்துப் போட்டபடி சொன்னாள்:
"இனி நீ உள்ளே போ. நான் வெளியே இருக்கேன்."
எனக்கென்ன நோய்?
"இருக்கு. எட்டு வருஷம்."
ஏழு வருஷம் பதினொரு மாதம் என்று திருத்தினேன்.
இரண்டு பிளாஸ்க் நிரப்பிக் கொடுத்தாள்.
"பத்தொன்பது கோப்பை. ஒவ்வொண்ணும் ஆறணும்.
சுடச்சுடக் குடிச்சு ஏமாத்தாதே.
நான் உன்னை எட்டிப் பிடிச்சிடுவேன்."

இதை உள்ளிருந்து எழுதுகிறேன்.

மூன்றாவது கோப்பை.
இங்கே உட்கார்ந்து அவள் எதைப் பார்த்தாள் என்பது
இப்போதுதான் தெரிகிறது:
காற்றில் அடித்துக்கொள்ளும் ஜன்னல் கதவு மாதிரி
பகல், இரவு, பகல், இரவு.
எட்டு எண்ணினால் ஒரு நாள்.
எட்டுக்கு ஒருமுறை
வாசல் கல்லின் மேல் சிவப்புச் சால்வை,
ஓர் இமைப்பு,
இல்லை.

தினமும் அதே கல்லில் வந்து நிற்கிறாள்.
ஒரு மணி நேரம் அசையாமல் நின்றால்தான்
உள்ளே இருப்பவன் கண்ணில் ஒரு துளி விழும்.
அவளுக்கு அது தெரியும். பத்தொன்பது முறை
இங்கிருந்து வாசலைப் பார்த்தவள்.

நான் ஒருநாளும் வந்து நின்றதில்லை.
பதிவேட்டு வேலை இருந்தது.
குளிர் வேறு.

ஒரு நீள வரி எழுதி முடிப்பதற்குள்
அவளுக்கு இரண்டு நாள் போகிறது.
குறைத்துக்கொள்கிறேன்.

எட்டு. சால்வை.
எட்டு. சால்வை, பனி.
எட்டு. கையில் ஒரு கோல்.
எட்டு.

கண்ணை இமைத்துவிட்டேனோ.

பதினாறு.
கல் இருக்கிறது.

இருபத்துநான்கு.

பிளாஸ்கில் பதினாறு மிச்சம்.
மூன்றாவதில் இன்னும் ஆவி.
எழுந்துவிட்டேன்