பீரங்கித் துரையின் கோப்பு

குண்டூசி துருப்பிடித்து
மூன்று தாள்களையும் ஒன்றாக்கிவிட்டது.
முதல் தாளில் ஆள்:
மேஜர் லயனல் ஆஷ்கோம்ப்,
ஏதோவொரு பிரபுவின் மூன்றாம் மகன்.
அதாவது,
பட்டம் மூத்தவனுக்கு, மாளிகையும் அவனுக்கே,
நடுவிலானுக்குக் கொஞ்சம் காசு,
இவருக்குத் துவக்கு.

நான் தேடியது எல்லைத் தகராறொன்றுக்கான வரைபடத்தை.
திருகோணமலைக் கச்சேரியின் பின்னறையில்
மின்விசிறி நின்றுபோன மதியத்தில்
கிடைத்தது இவர்.

ஒஸ்டன்பேர்க் முனையில் ஆறு வருஷம்
கடலுக்குக் குறிவைத்த பீரங்கியோடு நின்றிருக்கிறார்.
எதிரிக் கப்பல் ஒன்றும் வரவில்லை.
நாற்பத்திரண்டு ஏப்ரலில் வந்தது, வானத்தால்.
கிடையாகப் பார்த்தே பழகிய குழலுக்கு
அண்ணாந்து பார்க்கத் தெரியாது.
சீனன்குடாவில் எண்ணெய்த் தாங்கி நாட்கணக்காய் எரிந்தது.
இடது காது அன்றைக்குப் போனதென்று
வைத்தியர் எழுதிய துண்டு,
ஓய்வூதியக் கணக்கோடு சேர்த்துத் தைத்தபடி.

பிறகு தம்பலகாமம்.
நூற்றுப்பன்னிரண்டு ஏக்கர், இரண்டு றூட், ஏழு பேர்ச்.
பீரங்கியின் கோணம் பார்க்கும் கருவியை
முகாமிலிருந்து சொல்லாமல் எடுத்துவந்து
வரம்பில் வைத்து நீர்மட்டம் பார்த்தாராம்.
(படைப் பண்டசாலை இரண்டு கடிதம் போட்டிருக்கிறது.
பதில் இல்லை.)
"துரை தன்ர எண்ணத்துக்கு வக்கடை திறக்கிறார்,
முறைத்தண்ணி மதிக்கிறாரில்லை" என்று
வட்டவிதானை கதிர்காமத்தம்பியின் முறைப்பாடு.
ஓரத்தில் துரையின் பென்சில்:
உண்மை. தண்டம் கட்டியாயிற்று.
ஐந்து ரூபாய். பற்றுச்சீட்டும் இருக்கிறது.

இந்த இடத்தில் எனக்கு அவரைப் பிடித்துப்போனது.
பிடித்துப்போனதால் மெதுவாகப் புரட்டினேன்.

ஒரு பொக்கற் புத்தகம்.
ஆங்கில எழுத்தில் களவெட்டிப் பேச்சைப் பிடித்துவைத்திருக்கிறார்.
சூடு மிதிக்கிற இரவில் மாட்டை மாடென்று சொல்லலாகாது,
வாரிக்காலன்.
வைக்கோலை வைக்கோலென்றும் சொல்லலாகாது,
பொலிக்கொடி.
உள்ள பெயரைச் சொன்னால்
பூதம் காதில் வாங்கிக்கொண்டு வந்து பொலியை அள்ளும்.
அதன் கீழே, இரட்டைக் கோடிட்டு:
எங்கள் வீட்டிலும் இதுதான் வழக்கம்.
கடனைக் கடனென்று அப்பா ஒருநாளும் சொன்னதில்லை.

மூத்தவன் பாலைவனத்தில் டாங்கிக்குள் முடிந்தான்.
நடுவிலான், குடியால்.
ஐம்பத்தொன்று மாசியில்
பட்டம் தந்தியாய் வந்து சேர்ந்தது, அறுவடைக்கு நடுவில்.
இவர் அனுப்பிய பதிலின் பிரதி:
இன்னும் மூன்று சூடு மிதிக்க வேண்டும். பிறகு வருகிறேன்.
லண்டன் சட்டத்தரணி
இதை எந்த அகராதியில் தேடினாரோ.

வரைபடம் கடைசியில் இருந்தது,
நாலாய் மடித்து, மடிப்புகளில் கிழிந்து.
வடகிழக்கு மூலையில் பச்சை மையால்
'ஆளில்லாத முடிக்குரிய நிலம்.'
அதே மூலையில்
இரண்டு புளியமரம், ஒரு கிணறு.
ஆளில்லாத நிலத்தில் கிணறு வெட்டியது ஆர்?
பின்புறம் தட்டச்சில் ஒற்றை வரி:
சேனைக்காரர், ஒன்பது குடும்பம், அப்புறப்படுத்தப்பட்டது.
பெயர்கள் இல்லை.
கீழே அவருடைய கையெழுத்து, அழகானது,
வரம்பு போல நேரானது.

மாட்டுக்கு மறுபெயர் படித்த மனிதர்.

சேர் லயனலாகக் கப்பலேறி,
அங்கே பார்லி விதைத்து,
அங்கேயே படுத்துவிட்டார் என்று
ஒரு பத்திரிகைத் துண்டு சொல்கிறது.
படத்தில் தொப்பி. கையில் செம்மறிக்குட்டி.
கேட்காத காதைப் படக்காரனுக்குக் காட்டி நிற்கிறார்.

வெளியே வாங்கில் காலையிலிருந்து கண்மணிப்பிள்ளை.
கோட்டை மான் ஒன்று படியேறி வந்து
அவருடைய பொலித்தீன் பையை முகர்கிறது.
பைக்குள் உறுதி இல்லை, ஒப்பமில்லை,
பாட்டன் வெட்டிய கிணறு என்ற பேச்சு மட்டும்.
அதை நேற்றே பதியாமல் அனுப்பினேன்.

வரைபடத்தில் கிணற்றுக்குப் பக்கத்தில்
மிகச் சிறிய எழுத்து:
ஆழம் அளக்கவில்லை.

கதவைத் திறந்து
மானைத் துரத்திவிட்டுக் கேட்கிறேன்,
எத்தனை முழம், அம்மா?
யோசிக்கவேயில்லை அவர்.
"பதினாலு. கோடையில கயிறு இன்னும் ரெண்டு முழம் வேணும்."