குறியீடு 99

கேள்வி பதினேழு:
அடுத்த ஐந்தாண்டில் உங்கள் நிறுவனத்துக்கு
எத்தனை பேர், என்னென்ன திறனோடு தேவைப்படுவார்கள்?

ஆம்பூர் ஷூ கம்பெனியில்
மனிதவள மேலாளர் ஃபயாஸ்
என் டேப்லெட்டைப் பார்த்துச் சிரித்தார்.
"ஆகஸ்டுக்கு ஆர்டர் உண்டா இல்லையா,
அதையே ஜெர்மனிக்காரன் இன்னும் சொல்லலை மேடம்."
கட்டம் சிவப்பாகிவிட்டது.
வெற்றாக விட்டால் அடுத்த பக்கம் திறக்காது.
"சரி, இருநூறு போடுங்க."
போன் வந்தது. எழுந்துபோய் ஜன்னலோரம் பேசினார்.
திரும்பி உட்கார்ந்து, "நூற்றைம்பது."

எதிரே டீக்கடை.
பாஷ்யத்தைக் கேட்க என்னிடம் கேள்வித்தாள் இல்லை.
விடியலில் கம்பெனி பஸ்களை எண்ணுகிறவர்,
ஒரு பஸ் குறைந்தால்
மறுநாள் இரண்டு லிட்டர் பால் குறைவாக வாங்குகிறவர்.
"பதினொண்ணு வந்துகினு இருந்துச்சி.
போன செவ்வாயிலேர்ந்து ஒம்போதுதான்.
நீ இன்னா எழுதின?"
நான் டீ ஆறுவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

மூன்று மாவட்டத்துக்கும் ஒரே குறியீட்டுப் பட்டியல்.
41 தையல் இயந்திரம். 52 தரவுப் பதிவு.
63 ஆய்வக உதவி.
எதிலும் அடங்காதவர்க்கு 99: மற்றவை.

ராணிப்பேட்டை சுத்திகரிப்பு நிலையத்தில் மாணிக்கவேல்,
நுரையின் நிறம் மாறினால்
மீட்டர் சொல்வதற்கு முன்பே பம்பை நிறுத்துகிறார்.
99.
குடியாத்தத்தில் ஜோஸ்பின்,
இரவு பத்து மணிக்கு ஆர்டர் வந்தால்
எந்தத் தெருவில் யார் வீட்டுக் கதவைத் தட்டினால்
காலைக்குள் நாற்பது பேர் சேருவார்கள் என்று
மனப்பாடமாய் வைத்திருக்கிறார்.
99.

வேலூர், ஆஸ்பத்திரிக்கு எதிர்ச் சந்து.
பெயர்ப் பலகையில் தமிழுக்கு மேலே வங்காள எழுத்து.
லாட்ஜ் மாடிப்படியில் கோட்டீஸ்வரி,
படிப்பு எட்டாவது, அறை கூட்டும் வேலை.
டோக்கன் எங்கே, ரத்தம் கொடுக்கும் இடம் எது,
ரோகு மீன் எந்தக் கடையில்,
டாக்டர் சொன்னதை வீட்டுக்குப் போனில் எப்படிச் சொல்வது,
எல்லாம் வங்காளத்தில் பேசுகிறார்.
எங்கே கற்றீர்கள்? சான்றிதழ்?
"சான்றிதழா? மொத வார்த்தை 'ஜொல்'.
தண்ணி. ஒரு பையன் வாந்தி எடுத்துக்கினே கேட்டான்.
அப்புறம் ஒவ்வொண்ணா வந்துச்சி."
இந்தத் திறனுக்கு ஐந்தாண்டில் தேவை கூடுமா?
மேலே நான்காம் மாடியைப் பார்த்தார்.
"நோயி குறைஞ்சா குறையும்."

சத்துவாச்சாரி அலுவலகத்தில்
மின்விசிறி மட்டும் எல்லோர்க்கும் பொதுவாகச் சுற்றியது.
திருமால் சார் திரையைத் திருப்பிக் காட்டினார்.
"மற்றவை முப்பத்தொரு சதவீதமா?
அஞ்சுக்கு மேல போனா சென்னை திருப்பி அனுப்பும்.
பிரிச்சுப் போடும்மா."

பிரித்துப் போட்டேன்.
கோட்டீஸ்வரி 'அறைப் பராமரிப்பு, நிலை இரண்டு' ஆனார்.
மாணிக்கவேல் 'பம்பு இயக்குபவர்'.
ஜோஸ்பின் பெயருக்கு வெகுநேரம் யோசித்தேன்.
போன் வைத்திருந்தாரே, '52' என்று போட்டேன்.
ஃபயாஸின் நூற்றைம்பதை அப்படியே விட்டுவிட்டேன்,
பஸ்ஸை எண்ணுவது என் வேலையில்லை.
கோடு ஏறியது, அழகாக, பச்சையில்,
வராத வருஷங்களின் மேல் கைப்பிடிச்சுவர் மாதிரி.
அதில் சாய்ந்துகொண்டு யார் யாரோ பேசப்போகிறார்கள்.

ஆறு மாதம் கழித்துத் தெரியாத எண்.
"நீதானே வந்து எழுதிக்கினு போனது?
பெட்ஷீட் மடிக்க டிரெய்னிங்காம், நூத்திருவது மணி நேரம்.
லிஸ்ட்ல மொத பேரு என்னுது.
பதினோரு வருஷமா மடிக்கிறேன், இன்னாத்துக்கும்மா?"
என் தவறுதான் என்று ஆரம்பித்தேன்.
"அது கெடக்கட்டும், பஸ் காசு குடுப்பாங்களா?"

பதில் சொல்வதற்குள்
அந்தப் பக்கம் யாரோ ஒரு பெண் அழுகிற குரல்,
எனக்குப் புரியாத மொழியில் ஒரு கேள்வி.
"இருக்கேன் இரு" என்றார் என்னிடம்.
அதே மூச்சில் அவளிடம் வேறு குரலில், மெதுவாக,
ஏதோ நீளமாகச் சொல்லத் தொடங்கினார்.

இணைப்பில்தான் இருக்கிறேன்.