எட்டிலிருந்து மூன்றுக்கு

பரமாரிபோவில் மழை பிடித்துக்கொண்டால்
தபால் நிலையத்தில் ஈ காக்கை இராது.
அப்போதுதான் இந்தப் பட்டியலைத் தட்டுகிறேன்:
தேசிய டிராஃப்ட்ஸ் போட்டி. ஆண்டு, வென்றவர், தொழில், ஊர்.
சங்கச் செயலாளர் பதவிக்கு ஊதியம் கிடையாது,
ஒரு பீரோ சாவி உண்டு.

முதல் பெயர் ஹெர்மான் ஸேகலார், சுங்க எழுத்தர்.
ஐந்து முறை வென்றவர். நகரம் நினைவில் வைத்திருப்பதோ
ஆறாவது முறை தோற்றதை.
நீட்டிய காயை வெட்டியே ஆகவேண்டும்,
விருந்தை மறுக்க இந்த ஆட்டத்தில் வழியில்லை.
வெட்டினார். வெட்டிய கை பலகையை விட்டு எழும் முன்பே
முகம் சுருங்கிவிட்டது என்கிறார்கள்.

பிறகு சூகிமின், சர்க்கரை ஆலைத் தராசுக்காரர்.
பதினோரு ஆட்டம். பத்து சமன்.
கடைசி ஆட்டத்தில் முள் ஒரு கடுகளவு சாய்ந்தது,
அது போதுமானதாக இருந்தது.

சுதந்திரம் வந்த வருஷம் வென்றவர் ஓர்லாண்டோ வெய்ங்கார்ட்.
அடுத்த மாதமே கோப்பையைச் சட்டைகளுக்கு நடுவில் சுருட்டி
ஆம்ஸ்டர்டாமுக்கு விமானம் ஏறினார்.
அனுப்பிவைப்பதாகக் கடிதம் வரும், கிறிஸ்துமஸுக்குக் கிறிஸ்துமஸ்.
அன்று முதல் நாங்கள் கொடுப்பது கோப்பையின் புகைப்படம்,
சட்டம் போட்டு.
வாங்குகிறவர்கள் அதையும் தலைக்கு மேல் தூக்கிக் காட்டுகிறார்கள்.

ஊரடங்கு ஆண்டில் இரண்டு பெயர்.
இறுதி ஆட்டம் பாதியில் நின்றது.
மாவிஸ் கென்ஸ்வில் செவிலி, இரவுச் சீட்டு இருந்தது, போய்விட்டாள்.
ராம்தனி பிஹாரி நெல் வியாபாரி, சீட்டு இல்லை,
பலகைக்கே காவலிருந்து பலகைமேலேயே தூங்கிப்போனான்.
விடிந்தபோது கன்னத்தில் ஒரு காயின் வட்டம்,
எந்தக் கட்டத்துக் காய் என்று
கன்னத்தைப் பார்த்து யாராலும் சொல்ல முடியவில்லை.

ஒருவரை வேண்டுமென்றே தாண்டி வந்தேன்.

பெத்ருசி அமோய்தா, படகோட்டி.
ஊர் என்ற இடத்தில் பழைய செயலாளர் பென்சிலால்
ஒரு கேள்விக்குறி போட்டிருக்கிறார்.
ஊர் இருந்தது. பீக்கி சாபி.
மின்சாரத்துக்காக ஆற்றை மறித்தார்கள்,
நீர் முதலில் சமையலறைகளுக்கு வந்தது, பிறகு கூரைகளுக்கு.
இன்றும் ஏரிக்கு மேலே பட்ட மரங்கள்
ஆட்டம் முடிந்தும் யாரும் எடுத்துவைக்காத காய்கள்போல நிற்கின்றன.

அவருடைய பதினோரு ஆட்டத்தின் தாள்களும் பீரோவில் இருக்கின்றன.
மழை விடாத ஒரு வாரம் அவற்றை எனக்கு நானே ஆடிப் பார்த்தேன்.
ஏழாவது தாளில் நிமிர்ந்து உட்கார்ந்தேன்:
வெள்ளைக் காய் எட்டாம் கட்டத்தில்.
மூன்று காலி. ஓரடி வைத்தால் முடிசூட்டு.
மனிதர் நாற்பது நிமிடம் எடுத்துக்கொண்டு
நாற்பத்துநான்கிலிருந்து முப்பத்தொன்பதுக்கு,
பின்வரிசையில், எதற்கும் உதவாத ஒன்றை நகர்த்துகிறார்.
மற்றத் தாள்களைப் புரட்டினேன்.
எதிலும் அவர் காய்க்கு முடியில்லை.
சாதாரணக் காய்களாலேயே அந்த ஆண்டை வென்றிருக்கிறார்.

டச்சில், முடிசூடிய காய்க்குப் பெயர் டாம்.
ஆற்றை மறித்து எழும் சுவருக்கும் அதே பெயர்.

அவரிடம் தோற்றவர்களில் ஒருவர் இன்னும் இருக்கிறார், மீன் சந்தையில்.
கேட்டேன். செதில் சுரண்டுவதை நிறுத்தாமல்,
"தற்செயல்," என்றார். "அவனுக்கு அவசரமே கிடையாது."
இருக்கலாம்.
ஒரு மீனை விலை பேசாமல் வாங்கி வந்தேன்.

மழை விட்டுவிட்டது. சாளரத்தில் யாரோ தபால்தலை கேட்கிறார்கள்.
பென்சில் குறியை அழித்துவிட்டு
பீக்கி சாபி என்று தட்டுகிறேன்.
இயந்திரத்தில் கடைசி எழுத்து கொஞ்சம் தாழ்ந்துதான் விழும்,
வரிக்கு அடியில்.