பெண் அலறல், பதினான்கு

பெட்டியின் மேல் சீட்டில் அப்படி எழுதியது நான்தான்.
பெயருக்கும் இடமிருந்தது.
சாப்பாட்டு மணி அடித்துவிட்டது, அவ்வளவுதான்.

ஆர்மெல் கெர்வாதெக்.
துவார்னெனே துறைமுகத்தில்
மத்தி மீனுக்குத் தலை கிள்ளிய விரல்களோடு
பில்லான்கூர் ஸ்டூடியோவுக்கு வந்தவள்.
மொத்தம் ஏழு படங்கள்.
ஒன்றில் சூப் கொண்டுவந்தாள்.
ஒன்றில் கதவு திறந்தாள்.
ஒன்றில் நாயகனின் தங்கை;
அவளை வெட்டிவிட்டார்கள்,
அவள் தடவிக்கொடுத்த நாய் மட்டும் மிஞ்சியது.
பேச்சில் பிரெத்தோன் கொச்சை அடிக்கிறதென்று
இரண்டு வரிக்கு மேல் வசனம் தரவில்லை.
அலறலில் கொச்சை தெரியாதென்று நம்பினார்கள்.

முப்பத்தெட்டு, நவம்பர்.
தொட்டியில் படகு கவிழும் காட்சி.
தண்ணீரைச் சூடாக்க மறந்திருந்தோம்.
ஒரே டேக்.
ஒலிப்பதிவாளர் லுபூர்க் காதுக்கருவியைக் கழற்றிவிட்டு
நெடுநேரம் யார் முகத்தையும் பார்க்கவில்லை.

படம் எட்டு நாள் ஓடியது.
அதன்பின் போர்.
அதன்பின் யாரும் அவளைக் கூப்பிடவில்லை,
பதினான்காம் பெட்டியைத்தான் கேட்டார்கள்.
மாடிப்படியில் உருண்ட சீமாட்டிக்கு,
தண்டவாளத்தில் கிடந்த தாதிக்கு,
பிணத்தைப் பார்த்த பொன்முடிக்காரிக்கு.
இருபத்திரண்டு வாய்கள்,
எல்லாவற்றுக்குள்ளும் அந்த ஒரு தொட்டித் தண்ணீர்.

ஐம்பத்தொன்றில், லில் நகரத்துத் தியேட்டரில்,
தன்னைக் கேட்டு எழுந்து நின்றாளாம்.
"உட்காரம்மா, மறைக்குது" என்றது பின்வரிசை.
நாற்பது பிராங்க் கேட்டுக் கடிதம் போட்டாள்.
அலறல்களுக்கு உரிமையாளர் இல்லை என்ற பதிலைத்
தட்டச்சு செய்ததும் நான்தான்.

எழுபத்துநான்கில் ரூபே போனேன்,
பொத்தான் கடைக்கு மேல் இரண்டாம் மாடி.
பண உறையைத் தொடவில்லை.
காபி ஊற்றினாள், பிஸ்கட்டை எண்ணி வைத்தாள்.
"போன வாரம் ராத்திரி டி.வி.யில் நான் கத்தினேன்.
எதிர்வீட்டு மதாம் தெல்பூல்
அடுப்புக் கம்பியோடு ஓடிவந்தாள்:
நீங்களா கத்தினது?
ஆமாம், முப்பத்தெட்டில், என்றேன்.
பாவம், போலீசைக் கூப்பிடவா என்றாள்."

அலறலின் நுனியில் ஒரு சொல் இருந்தது.
எங்களில் எவருக்கும் புரியாத பிரெத்தோன்.
இருபத்திரண்டு தடவையும்
அதை நறுக்கிவிட்டுத்தான் ஒட்டினோம்.
கடவுளா, அம்மாவா, காதலனா என்று
எடிட்டிங் அறையில் பந்தயம்கூட இருந்தது.

கேட்டேன்.

"குளிருது-ன்னேன்.
வேறென்ன சொல்வேன்?"

எழுந்து போய் ஜன்னலைச் சாத்தினாள்.