குழி நான்கு, மாதிரி ஏழு

கையால் தொடக் கூடாது.
பீடிச் சாம்பல் விழக் கூடாது.
செய்தித்தாளில் மடிக்கக் கூடாது,
அதுவும் ஒரு மரம், நேற்றைய மரம்.
கரண்டி நுனியில் ஏந்தி
அலுமினியத் தாளில் சுருட்டி
குழி எண், ஆழம், தேதி எழுதி ஒட்டுவது
என் வேலை.

வேலம்மேட்டுக்கு மேற்கே
காங்கயம் சாலைச் சூளைகளில்
தேங்காய்த் தொட்டி கரியாகிக்கொண்டிருக்கும்.
லாரி லாரியாய்க் கரி இந்த வழியே போக
நான் ஒரு மிளகளவு கரிக்கு
மூச்சைப் பிடித்துக் குனிந்திருப்பேன்.
மதியம் காற்று திரும்பினால்
குழிக்குப் படுதா.

அந்தக் கோடையில் பதினோரு பொட்டலம்.
பணம் மூன்றுக்குத்தான் இருந்தது.

அடுப்புக் குழியிலிருந்து ஒன்று.
தாழிக்கு அடியில் ஒரு சிட்டிகை உமி.
மூன்றாவது, ஏழாம் எண்:
இரண்டு மீட்டர் பத்து ஆழத்தில்
கருப்பு சிவப்புச் சில்லை ஒட்டி
கணு தெரிகிற ஏதோ ஒரு தட்டு, கரியாக.
ஒரே வருடம் வளர்ந்து முடிந்தது.
கிழட்டு மரத்தின் உள்வளையம் போலப்
பொய் சொல்லாது.
அதன் மேல்தான் எனக்கு ஆசை.

உயிரோடிருக்கும்வரை
காற்றிடம் வாங்கிக்கொண்டே இருக்கிறது பயிர்.
அறுத்த அன்று வரவு நின்றது.
அப்புறம் செலவு மட்டும்,
ஐயாயிரத்து எழுநூறு சொச்சம் வருடத்தில் பாதி.
மிச்சத்தை எண்ணிப் பார்த்தால்
கடை எப்போது அடைத்ததென்று தெரியும்.

ஐந்து மாதம் கழித்துத் தாள் வந்தது.
அடுப்பு: இன்றைக்கு முன்
இரண்டாயிரத்து நூற்றுத் தொண்ணூறு,
முப்பது கூடலாம், குறையலாம்.
அந்த 'இன்று' ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பது.
அதன் பிறகு அணுகுண்டு வெடித்துக்
காற்றின் கணக்கைக் குழப்பிவிட்டார்கள்.
நானும் என் ஸ்கூட்டியும்
'இன்றை'த் தாண்டிப் பிறந்தவர்கள்.

உமி சமதளத்தில் விழுந்தது.
கி.மு. எண்ணூறா, நானூறா,
அத்தனை காலமும் காற்று ஒரே முகம் காட்டியிருக்கிறது.
பூட்டனும் அவன் பேரனின் பேரனும்
ஒரே தேதியில் செத்தவர்கள்.

ஏழாம் எண்ணுக்கு நேரே ஒரே சொல்:
நவீனம்.

இயக்குநர் சிவப்பு மையால் அடித்தார்.
'அறிக்கையில் வேண்டாம்.'

துளசிமணி சல்லடையோடு வந்து எட்டிப் பார்த்தாள்.
பனியன் கம்பெனியில் ஆர்டர் இல்லாத மாதங்களில்
எங்களிடம் வருபவள்.
வேர்த்தடம் என்று நான் வரைந்து வைத்த
குழிச்சுவரின் வெளிறிய கோட்டில் விரல் வைத்தாள்.
'ஏனுங், இது எலி வளைங்க.
சட்டியில தட்டப் போட்டுக் கொளுத்தி
உள்ள ஊதி உட்டிருக்காங்க.
எங்கய்யன் எலி புடிச்ச காடுங்க இது,
காட்டுக்காரருக்குத் தெரியாம, ராத்திரில.'

வருடம் கேட்டாள்.
சொல்ல எனக்குக் கூச்சமாக இருந்தது, இரண்டு விடை.
அந்த அளவை வளைவு ஏறும்போது ஒருமுறை தொடுகிறது,
இறங்கும்போது மறுமுறை.
அறுபத்து மூன்று. இல்லையென்றால் எழுபத்து நான்கு.

'நாலுதானுங்.'
யோசிக்கவே இல்லை.
'அந்த வருசந்தான் மழையே இல்லாமப் போச்சு.
எலி சேத்து வெச்ச கம்பத் தோண்டியாந்து
எங்கம்மா கஞ்சி காச்சி
பெரியண்ணனப் பொழைக்க வெச்சாங்களாம்.
அப்ப நாம் பொறக்குல.'

தட்டு பொய் சொல்லவில்லைதான்.

பதிவேட்டில் குறிப்புப் பத்தி
ஒன்றரை அங்குலம் அகலம்.
எலி வளை, என்று எழுதினேன்.
பிறகு 1974, பக்கத்தில் கேள்விக்குறி.
கேள்விக்குறியை அடித்தேன்.

'அந்தக் கரி மிச்சம் இருக்குதுங்களா?'

இல்லை, தேதி பார்க்க
அதை மறுபடி எரித்தாக வேண்டும்,
புகையைத்தான் எண்ணுவார்கள் என்றேன்.

'அப்ப ரெண்டாந்தரமும் பொகையாப் போச்சு'
என்று சிரித்து
சல்லடையைத் தூக்கி உதறினாள்.
அன்றைக்கு அதில் நின்றது
பாதிப் பாசிமணி ஒன்று,
நத்தை ஓடு,
யாருடையதோ சட்டைப் பொத்தான்.